கதவில் அடித்த காகிதம்

வெள்ளிக்கிழமை பத்து மணிக்கு என்னை விசாரிப்பதாகச் சொல்லியிருந்தார்கள். வியாழக்கிழமை விடிந்ததிலிருந்தே எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. கடையை மூன்று தடவை பெருக்கினேன். பூட்டிக் கிடக்கும் கடையில் என்ன குப்பை சேரும்? இருந்தாலும் பெருக்கினேன். அலமாரியில் இருந்த ரம் பாட்டில்களைத் துடைத்து ஒரு பக்கமாகத் திருப்பி வைத்தேன். அது பிடிக்காமல் மறுபடியும் பழையபடி திருப்பினேன். முன்கதவில் போலீஸ் மாட்டிய சங்கிலி காற்றில் ஆடி ஆடிச் சத்தம் போட்டுக்கொண்டிருந்தது. சொந்தக் கடைக்குள் நான் திருடி மாதிரி பின்கதவு வழியாகப் போய் வந்துகொண்டிருந்தேன்.

என் பெயர் யூடீன் ஹாலிகன். பார்படோஸ் தீவின் வடக்கு மூலையில், செயின்ட் லூசியில், இருபத்திரண்டு வருஷமாக ரம் கடை நடத்துகிறேன். லண்டனுக்குப் பஸ் ஓட்டப் போன என் புருஷன் முதல் வருஷம் கடிதம் போட்டான், இரண்டாம் வருஷம் கிறிஸ்துமஸ் அட்டை போட்டான், அதோடு சரி. அவன் விட்டுப் போனதில் உருப்படியான சமாச்சாரம் இந்தக் கடை ஒன்றுதான். அதற்கு ஓர் உரிமம் உண்டு. கண்ணாடிச் சட்டம் போட்டு, டாமினோ ஆடும் மேசைக்கு மேலே எல்லார் கண்ணிலும் படும்படி மாட்டியிருந்தேன். அது இல்லாவிட்டால் உப்பு ரொட்டியும் சோடாவும் விற்கலாம். அவற்றை மட்டும் விற்றுப் பிழைத்த ஆளை நான் இன்னும் பார்க்கவில்லை.

ஈஸ்டருக்கு முன்னால் கடை இந்த மேட்டில் இல்லை. அரை மைல் கீழே, கரும்புத் தோட்டத்தின் எல்லையில் இருந்தது. இடம் தோட்டத்தினுடையது, வீடு என்னுடையது. எங்கள் பக்கத்தில் பாதிப் பேருக்கு அப்படித்தான். அதனால்தான் மரவீட்டைக் கல்லடுக்கின் மேல் சும்மா உட்காரவைத்திருப்போம். காலி பண்ணு என்றால் பலகை பலகையாகக் கழற்றி லாரியில் ஏற்றி, பொழுது சாய்வதற்குள் வேறு இடத்தில் நிறுத்திவிடுவோம். தோட்டத்து மேலாளர் ஸ்கீட் என்னைக் காலி பண்ணச் சொன்னார். டிராக்டர் நிறுத்த இடம் வேண்டுமாம். தன் ஆட்கள் என் கடைக்குள் நுழைந்தால் சீக்கிரம் வெளியே வருவதில்லை என்ற எரிச்சல்தான் அவருக்கு.

ஈஸ்டர் திங்கள் விடுமுறை, ஆள் கிடைக்கும். அன்றைக்குக் கழற்றுவதாக ஏற்பாடு. அதற்குச் சில வாரம் முன்பே ஒரு ஞாயிற்றுக்கிழமை தச்சன் ஹெட்லி மூன்று ஆட்களோடு வந்து, எந்தப் பலகை எந்தப் பக்கம் என்று சாக்குக்கட்டியால் எண் போட்டான். கசப்புப் பட்டையைக் காய்ச்சி, சர்க்கரை போட்டு நுரைக்க ஆற்றிய மாபி ஒரு வாளி நிறைய வைத்துவிட்டு நான் சர்ச்சுக்குப் போனேன். வெயிலில் வேலை செய்கிறவனுக்கு அதைவிடக் குளிர்ச்சி வேறில்லை. ஈஸ்டருக்கு முந்தின சனிக்கிழமை பாட்டில்களைக் கழுதை வண்டியில் ஏற்றிக்கொண்டு புது இடத்துக்கு வந்தவள், அங்கேயே தங்கிவிட்டேன். திங்கட்கிழமை வரும் ஆட்களுக்கெல்லாம் சமைக்க வேண்டுமே. கடையை நான் அடுத்தபடி பார்த்தது, துண்டு துண்டாக அது லாரியில் வந்து இறங்கியபோதுதான்.

பதினைந்து நாள் போனது. ஒரு மத்தியானம் கான்ஸ்டபிள் லீக்காக் சைக்கிளில் வந்தான். கைப்பிடியில் சங்கிலி சுற்றியிருந்தது. இருபத்து நாலு வயசுப் பையன். சட்டை இஸ்திரி கலையாமல் வைத்திருப்பான்.

"மிஸ் யூடீன், உங்க லைசன்ஸ் கேன்சல் ஆயிடுச்சு. கடையைப் பூட்டச் சொல்லியிருக்காங்க."

"யாரு கேன்சல் பண்ணது? எப்போ?"

"லைசன்ஸ் குழுவுல. போன வியாழக்கிழமை விசாரணை. நீங்க வரல."

"கூப்பிட்டாத்தானேடா வர்றதுக்கு!"

"நோட்டீஸ் குடுத்தாச்சு மிஸ் யூடீன். ஈஸ்டருக்கு முந்தின சனிக்கிழமை சாயங்காலம் நானே உங்க கதவுல ஆணி அடிச்சு மாட்டிட்டுப் போனேன்."

எனக்கு உச்சந்தலை வரை பற்றிக்கொண்டு வந்தது. என் கதவு எனக்குத் தெரியாதா? இருபத்திரண்டு வருஷம் திறந்து மூடிய கதவு. அதில் ஒரு காகிதமும் இல்லை. நான் வாசலில் இறங்கி நின்று, மேடு முழுக்கக் கேட்கும்படி கத்தினேன்.

"பொய் சொல்றான்! ஸ்கீட் வீட்டுச் சோறு தின்னுட்டு வந்து பொய் சொல்றான்! காகிதத்தைக் கால்வாய்ல போட்டுட்டு ஆணி அடிச்சேங்கிறான்!"

அவன் ஏதோ சொல்ல வாயெடுத்தான். நான் விடவில்லை. பக்கத்து வீட்டு ஒடெஸா கையில் மாவோடு ஓடிவந்து என்னோடு சேர்ந்துகொண்டாள். டாமினோ ஆடிக்கொண்டிருந்தவர்களும் எழுந்து வந்தார்கள். அவன் பேசாமல் சங்கிலியை மாட்டிப் பூட்டிவிட்டுப் போனான். அன்றிலிருந்து அவனுக்கு ஊரில் 'ஆணி' என்று பெயர் விழுந்துவிட்டது. சைக்கிளில் போனால், "என்னப்பா ஆணி, இன்னிக்கு எந்தக் கதவு?" என்று கூப்பிடுவார்கள். அவன் அம்மா சர்ச்சில் எனக்குப் பக்கத்து வரிசையில் உட்காருகிறவள், கடைசி வரிசைக்கு மாறிப்போனாள். அவன் பொய் சொன்னது உறுதியானால் உடுப்பைக் கழற்றிவிடுவார்கள் என்று கேள்விப்பட்டேன். கழற்றட்டும் என்றுதான் இருந்தது எனக்கு.

அடுத்து வந்த நாட்கள் நான் நாயாய் அலைந்தேன். மூன்று கடிதம் எழுதினேன். மூன்றுக்கும் பதில் இல்லாமல், பஸ் பிடித்துக் குழுவின் செயலாளர் இன்னிஸ் முன்னால் போய் நின்றேன். கழுத்துப்பட்டையைத் தளர்த்தாமல் சாப்பிடுகிற ரகம்.

"நான் என்ன தப்பு பண்ணேன்னு சொல்லுங்க."

"ஞாயித்துக்கிழமை சர்ச் நேரத்துல சாராயம் வித்தீங்க. நாலாம் நிபந்தனை."

"எந்த ஞாயிறு?"

"ஃபைல்ல இருக்கு."

"ஃபைலைக் காட்டுங்க."

"ஃபைல் உள்ள இருக்கு."

வருஷத்துக்கு ஐம்பத்திரண்டு ஞாயிறு. ஒவ்வொன்றாக நினைத்துப் பார்த்துக்கொண்டே வீடு திரும்பினேன். எந்த ஞாயிற்றில் எவன் குடித்தான், நான் என்ன செய்துகொண்டிருந்தேன்? சோற்றில் கை வைத்தால் ஒரு ஞாயிறு நினைவுக்கு வரும், எழுந்துவிடுவேன். எவ்வளவு யோசித்தும் நான் விற்றதாக ஒரு ஞாயிறும் அகப்படவில்லை. கடைசியில் நோட்டீஸ் வந்ததா இல்லையா என்பதையாவது கேட்கிறோம் என்று குழுத் தலைவரான நீதிபதி நாள் குறித்தார். கதவில் ஒன்றுமில்லை என்று சத்தியம் பண்ண ஒடெஸாவும் இன்னும் இரண்டு பெண்களும் தயாராக இருந்தார்கள். எங்கள் நாலு பேர் வாய்க்கு முன்னால் ஒரு கான்ஸ்டபிள் எம்மாத்திரம்?

விசாரணைக்கு முந்தின அந்த வியாழக்கிழமை மத்தியானம் ஹெட்லி வந்தான். பதினெட்டு வருஷமாக என்னைக் கல்யாணம் பண்ணிக்கொள்வதாகச் சொல்லிக்கொண்டு என் வீட்டில் சாப்பிடுகிறவன். இடம் மாறியதிலிருந்து பக்கத்து ஜன்னல் சரியாக மூடவில்லை என்று நச்சரித்திருந்தேன். அவன் ஜன்னலைத் தட்டிப் பார்த்தான், தலையைச் சொறிந்தான், கருவிப் பெட்டியின் அடியிலிருந்து மடித்த காகிதம் ஒன்றை எடுத்து விரித்தான்.

"அஞ்சும் ஆறும் இடம் மாறிப் போச்சு யூடீன். அதான் மூட மாட்டேங்குது."

"என்னய்யா அது?"

"வீட்டுப் படம். கழட்டறப்போ போட்டது."

தச்சன் பென்சிலால் தடித்த கோடுகள், கோடுகளுக்குள் எண்கள். என் கடைதான் அது, நாலு பக்கமும் பிரித்துப் போட்டபடி. காகிதம் நல்ல கனமாக இருந்தது. மேல் ஓரத்தில் ஆணி போன துளை இரண்டு. நான் திருப்பிப் பார்த்தேன். அரசாங்க முத்திரை. அதற்குக் கீழே என் பெயர்.

காகிதத்தை அவன் முகத்துக்கு நேரே நீட்டினேன்.

"இது உனக்கு எங்க கிடைச்சுது?"

"முன்கதவுல. அன்னிக்கு விடியறப்போ மழை அடிச்சுது பாரு, சாக்குக்கட்டி எண்ணெல்லாம் அழிஞ்சு போச்சு. எழுதிக்க ஒரு தாளும் கிடைக்கல. கூரைக்குக் கீழே கதவுல ஒண்ணு நனையாம தொங்குச்சு. பின்னால வெள்ளையா இருந்துச்சா, உருவிக்கிட்டேன்."

"முன்னால என்ன இருக்குன்னு பாக்க மாட்டியா?"

"பாத்தேன். எழுத்து இருந்துச்சு." ஹெட்லிக்கு எண் தெரியும். எழுத்தோடு அவனுக்கு எப்போதும் பழக்கமில்லை. "ஏதோ ஓட்டுக்கு நிக்கிறவன் விளம்பரம்னு நெனச்சேன்."

அவனை அடிக்க விளக்குமாற்றை எடுத்தேன். எடுத்த கை அப்படியே நின்றது. லீக்காக் பொய் சொல்லவில்லை. சொன்ன நாளில், சொன்ன கதவில், சொன்னபடி ஆணி அடித்திருக்கிறான்.

ஒடெஸா வந்து பார்த்தாள். காகிதத்தை விரல் நுனியால் தொட்டாள்.

"இதை யாரு பாத்தாங்க?"

"நாம மூணு பேருதான்."

"அப்போ அடுப்புல போடு. இதைக் காட்டினா நோட்டீஸ் வந்துச்சுன்னு நீயே ஒத்துக்கிட்ட மாதிரி. அதோட உன் கடை போச்சு. நாளைக்கு நாங்க வந்து சத்தியம் பண்றோம். நாங்க கதவுல காகிதம் பாக்கல, அது நிஜந்தானே?"

"அப்போ அந்தப் பையன்?"

"அவன் வேற வேலை பாத்துக்குவான். உனக்கு வேற கடை வருமா?"

அவள் சொன்னதில் தப்பு கண்டுபிடிக்க முடியவில்லை. நான் காகிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு அடுப்புக்கும் வாசலுக்கும் நடந்தேன். ஜன்னல் பக்கம் போனேன், திரும்பினேன். என்னைக் கேட்காமல் என் கடையைப் பூட்டிவிட்டார்கள் என்று பார்க்கிறவர்களிடமெல்லாம் மாரில் அடித்துக்கொண்டேனே, நான் என்ன செய்தேன்? அந்தப் பையன் வாயைத் திறந்தான். நான் மேடு முழுக்கக் கத்தி அவன் வாயை அடைத்தேன். இன்னிஸாவது ஒரு காகிதம் அனுப்பினார். நான் அதுவும் இல்லாமல் ஒருவனுக்குத் தண்டனை கொடுத்துவிட்டேன். வெட்கமாக இருந்தது. அதைவிட அதிகமாகப் பயமாக இருந்தது, கடையை நினைத்து.

"எரிச்சிடட்டுமா?" என்றான் ஹெட்லி, தன் பாவத்துக்குப் பரிகாரம் தேடுகிறவன் போல.

"உன் மண்டையை எரி. நாளைக்கு நீயும் என்னோட வர்றே. வெள்ளைச் சட்டை போட்டுக்கோ." காகிதத்தை மடித்துக் கைப்பையில் வைத்து, பையைப் படுக்கைக்கு அடியில் தள்ளினேன். அப்போதுகூட அதை எடுத்துக் காட்டுவேனா என்று எனக்கே நிச்சயமில்லை.

வெள்ளிக்கிழமை கூடம் நிறைந்திருந்தது. மேடே இறங்கி வந்துவிட்டது போலிருந்தது. நீதிபதி வழுக்கைத் தலையர், விசிறி தன் பக்கம் திரும்பாத கோபத்தில் இருந்தார். இன்னிஸ் கோப்போடு நின்றார். ஸ்கீட் கால்மேல் கால் போட்டு உட்கார்ந்திருந்தார். லீக்காக் தொப்பியைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, சனிக்கிழமை சாயங்காலம், முன்கதவு, இரண்டு ஆணி என்று ஒப்பித்தான். பின்னாலிருந்து யாரோ "ஆணி" என்று முனகினார்கள். சிரிப்புக் கிளம்பியது. அவன் முகம் அசையவில்லை, கழுத்து நரம்பு மட்டும் புடைத்தது.

நீதிபதி என்னைப் பார்த்தார். "கதவுல நோட்டீஸே இல்லைன்னு எழுதியிருக்கீங்க. அப்போ இவர் சொல்றது பொய்யா?"

ஒடெஸா என் முதுகில் விரலால் குத்தினாள். ஒரு வார்த்தை போதும். என் கடையா, அவன் உடுப்பா?

"அவர் சொல்றது நிஜம் ஐயா," என்றேன். "அவர் அடிச்சிருக்கார். இதோ." பையைத் திறந்து காகிதத்தை நீட்டினேன். "நான் பாக்கல. ஆனா அவர் அடிச்சிருக்கார். பொய்யன்னு நான் சொன்னது தப்பு."

லீக்காக் முதல்முறையாக என் பக்கம் திரும்பினான். இன்னிஸுக்கு முகமெல்லாம் பல். "அப்போ விஷயம் முடிஞ்சுது ஐயா. முறைப்படி நோட்டீஸ் குடுத்திருக்கோம். அவங்களே ஒத்துக்கிட்டாங்க."

நீதிபதி காகிதத்தைத் திருப்பினார். "இதென்ன, கோடும் எண்ணுமா?"

ஹெட்லி எழுந்து நின்றான். "அது கடை ஐயா."

கூடம் சிரித்தது, நீதிபதியும் சிரித்தார். ஹெட்லி மழையையும் சாக்குக்கட்டியையும் சொல்லி முடிக்கும் வரை கேட்டுக்கொண்டார். பிறகு காகிதத்தின் முன்பக்கத்தை இரண்டு தடவை படித்தார்.

"மிஸ்டர் இன்னிஸ், 'நாலாம் நிபந்தனையை மீறியதால்' அப்படீன்னு போட்டிருக்கீங்க. எந்த நாள்? என்ன பண்ணாங்க? யாரு புகார் குடுத்தது? இதுல ஒண்ணையும் காணோமே."

"ஃபைல்ல இருக்கு ஐயா."

"இவங்க ஃபைலைப் பாத்தாங்களா?"

இன்னிஸ் கழுத்துப்பட்டையைத் தொட்டுக்கொண்டார்.

"கான்ஸ்டபிள் ஆணி அடிச்சதெல்லாம் சரியாத்தான் இருக்கு," என்றார் நீதிபதி. "அடிக்கக் குடுத்த காகிதந்தான் சரியில்ல. இதைப் படிச்சிருந்தாக்கூட இந்தம்மா எதுக்குப் பதில் சொல்லியிருப்பாங்க? ரத்து பண்ணது செல்லாது. இப்ப வந்திருக்காங்க. இன்னிக்கே கேட்டுடலாமா, வேற நாள் வேணுமாம்மா?"

"இன்னிக்கே ஐயா. இன்னொரு நாள் என்னால தாங்காது."

அப்போதுதான் இன்னிஸ் கோப்பைத் திறந்து படித்தார். மார்ச் மாதம், இரண்டாவது ஞாயிறு, காலை பத்தரை மணி. ஸ்கீட் எழுந்து, காரில் போகும்போது கண்ணால் பார்த்ததாகச் சொன்னார். கடை திறந்திருந்ததாம். நாலைந்து ஆட்கள் நுரை தளும்பும் பழுப்பு நிறக் கிளாஸோடு நின்றார்களாம்.

ஐம்பத்திரண்டு ஞாயிற்றையும் புரட்டினேனே, இது எனக்குத் தோன்றவே இல்லை. "ஐயா, அது மாபி, சாராயமில்ல! பலகைக்கு எண் போட வந்தவங்களுக்கு நான் வெச்சுட்டுப் போனது. நான் சர்ச்சுல இருந்தேன்!"

ஸ்கீட் சிரித்தார். "பிடிபட்டா எல்லாருக்கும் அது மாபிதான்."

ஹெட்லி ஆமாம் ஆமாம் என்று கத்தினான். என் வீட்டில் சாப்பிடுகிறவன் சாட்சியை யார் மதிப்பார்கள்? நான் அன்றைக்கு அங்கே இல்லை என்பதுதான் என் பக்கத்து நியாயம், அதனாலேயே கிளாஸில் என்ன இருந்தது என்று என்னால் சத்தியம் பண்ணவும் முடியாது.

"ஐயா, நான் பேசலாமா?"

லீக்காக்தான். தொப்பியைக் கக்கத்திலிருந்து எடுத்துக் கையில் பிடித்திருந்தான்.

"அந்த ஞாயிறு எனக்கு அந்தப் பக்கம் ரோந்து. கடைகிட்ட நின்னேன். உள்ள பாட்டில் எதுவும் திறக்கல. அவங்க எண்தான் போட்டுக்கிட்டிருந்தாங்க. எனக்கும் ஒரு கிளாஸ் குடுத்தாங்க, குடிச்சேன். மாபிதான் ஐயா. சர்க்கரை கொஞ்சம் கம்மி."

"அந்தம்மாவுக்காகப் பொய் சொல்றான்!" என்றார் ஸ்கீட்.

"மிஸ்டர் ஸ்கீட், இவர் பொய் சொல்ற ஆள் இல்லைன்னு இப்பத்தான் இந்தக் கூடத்துல நிரூபணம் ஆச்சு. அதுவும் அந்தம்மா கையாலயே." நீதிபதி லீக்காக் பக்கம் திரும்பினார். "இதை முன்னாடியே ஏன் சொல்லல?"

"யாரும் கேக்கல ஐயா. காகிதத்தைக் குடுத்து அடிச்சுட்டு வான்னாங்க. எந்த ஞாயிறுன்னு எனக்கே இப்பத்தான் தெரியும்."

நீதிபதி உரிமத்தைத் திருப்பிக் கொடுக்கச் சொல்லி எழுதினார். மேடே கைதட்டியது. ஒடெஸா என்னைக் கட்டிக்கொண்டு அழுதாள், அடுப்பில் போடச் சொன்னதே தான் இல்லை என்பது போல. வெளியே வந்ததும் ஹெட்லியைப் பிடித்துக்கொண்டேன். "அவன் குடிச்சது உனக்குத் தெரியும்தானே? ஏன்யா சொல்லல?" ரோந்தில் இருக்கிற போலீஸ்காரன் கிளாஸ் பிடித்ததை வெளியே சொன்னால் அவனுக்கு ஆபத்தில்லையா என்றான். பதினெட்டு வருஷத்தில் அவன் ரகசியம் காத்தது அது ஒன்றுதான்.

சாயங்காலம் லீக்காக் சங்கிலியைக் கழற்ற வந்தான். ஒரு கூட்டம் நின்றது, இந்தத் தடவை யாரும் 'ஆணி' என்று கூப்பிடவில்லை. நான் நல்ல சர்க்கரை போட்டு ஆற்றிய மாபி ஒரு கிளாஸ் எடுத்துவந்து கவுண்டரில் வைத்தேன்.

"லீக்காக், நான் உன்னைப் பொய்யன்னு சொன்னேன். ஊரே கேக்கச் சொன்னேன். இப்ப இவங்க எல்லார் முன்னாலயும் சொல்றேன், தப்பு என்மேலதான். என்னை மன்னிச்சிரு."

அவன் பூட்டைச் சாவி போட்டுத் திருகினான். சங்கிலியை நிதானமாகக் கையில் சுற்றினான்.

"உங்க அம்மாகிட்டயும் வந்து சொல்றேன்," என்றேன். என் குரல் எனக்கே பிடிக்கவில்லை, கெஞ்சுவது போலிருந்தது. "அன்னிக்கே நீ மழையைப் பத்தி, வீடு மாத்தினதைப் பத்தி, ஏதாவது ஒண்ணு எடுத்துச் சொல்லியிருந்தா நான் தேடிப் பாத்திருப்பேனேப்பா. ஒரு வார்த்தை நீயும் பேசலியே."

அவன் நிமிர்ந்து பார்த்தான். கோபமாகக்கூட இல்லை.

"வாயைத் திறந்தேன் மிஸ் யூடீன். நீங்க கேக்கல."

சங்கிலியைச் சைக்கிளில் மாட்டிக்கொண்டு இறக்கத்தில் இறங்கிப் போனான். கிளாஸ் கவுண்டரில் அப்படியே இருந்தது.